சதுப்பு என்று எழுதிய நிலம்

“நான் இந்தத் தூணுகிட்டதான் சொல்றேன். கேக்க வேண்டியவங்க கேட்டுக்கட்டும்” என்று ஆரம்பித்தார் பல்தேவ்.

சுமிந்த்ரா அடுப்பங்கரையில் ரொட்டி தட்டிக்கொண்டிருந்தாள். கால் வைத்துக் கட்டிய மரவீடு அது. மேலே படுக்கை, கீழே தூண்களுக்கு நடுவே அடுப்பும் தூளியும் பெஞ்சும். தலைவாசலில் செருப்புச் சத்தம் கேட்டதுமே அவள் கை தானாக முக்காட்டை இழுத்துவிட்டது. கணவனின் அண்ணன் எதிரே முகத்தைக் காட்டக் கூடாது, வாய் திறந்து ஒரு வார்த்தை பேசக் கூடாது. அந்தக் குடும்பத்தில் மாமியார் வைத்த சட்டம். மாமியார் போய்ச் சேர்ந்து எத்தனையோ மழை பெய்துவிட்டது. கணவன் ஹரிலாலும் போய் மூன்று வருடம் ஆகிறது. சட்டம் மட்டும் உப்புக் கண்டம் மாதிரி கெடாமல் இருந்தது.

அதனால்தான் பல்தேவுக்குத் தூண் தேவைப்பட்டது.

“ஊருக்குப் பின்னாடி அணையோரம் இருக்கற பின்னணை நிலத்தைக் கவர்மெண்ட் எடுக்குது. புது ரோடு அந்த வழியாத்தான் போகுதாம். வியாழக்கிழமை பள்ளிக்கூடத்துல விசாரணை. நான் போறேன், நான் பேசிக்கிறேன். பொம்பளைங்க யாரும் வர வேண்டாம். வர்ற பணத்துல ஏதாச்சும் பாத்துக் குடுப்பேன். என்ன தூணே, கேட்டுச்சா?”

தூண் பதில் சொல்லவில்லை. அந்த நேரத்தில் ஒரு கூடை மரவள்ளிக்கிழங்கோடு எனிட் உள்ளே நுழைந்தாள். வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் பயிர் வைத்திருக்கிறவள். கறுத்த, கனத்த உடம்பு, அதைவிடக் கனத்த குரல். சுமிந்த்ராவும் அவளும் ஒரே வாய்க்காலில் இருபுறமும் குனிந்து நின்றே சிநேகிதமானவர்கள்.

“எனிட், பெரியத்தான்கிட்ட கேளு. நிலத்தை என்னன்னு சொல்லப் போறாராம்?” என்றாள் சுமிந்த்ரா, கல்லைப் பார்த்தபடி.

எனிட் இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். இவளுக்கும் அவருக்கும் நடுவே நாலு அடிகூட இல்லை. “ஏன், அவருக்குக் காது கேக்காதா? சரி, உங்க கூத்து உங்களுக்கு. பல்தேவ், நிலத்தை என்னன்னு சொல்லப் போறீங்க?”

“என்னன்னு சொல்றது? சதுப்பு. எங்கப்பா வாங்குனப்ப சதுப்பு, பத்திரத்துல சதுப்பு. அவ்வளவுதான்.”

ரொட்டி கல்லில் கருகியது. சுமிந்த்ரா அதைத் திருப்பவில்லை.

இதில் ஒரு சூட்சுமம் இருந்தது. சாராயக்கடைச் சுவரில் ஒட்டியிருந்த அறிவிப்பை ஊரே கூடி நின்று படித்துக் கேட்டிருந்தது. மண்ணின் விலை மண்ணுக்குச் சொந்தக்காரருக்கு. அந்த மண்ணில் யார் வெட்டி, மேடு பண்ணி, அணை கட்டி, பயிர் வைத்தார்களோ அந்த வேலையின் விலை அவர்களுக்கு. மண்ணைவிட வேலைக்குத்தான் விலை அதிகம். பத்திரம் பல்தேவ் பெயரில் இருந்தது. வேலை முழுக்கச் சுமிந்த்ராவின் முதுகில் இருந்தது. திருத்திய நிலம் என்று ஒப்புக்கொண்டால், திருத்தியது யார் என்று அடுத்த கேள்வி வரும். சதுப்பு என்று சொல்லிவிட்டால் கேள்வியே இல்லை. ஒரே விலை, ஒரே ஆள், ஒரே கையெழுத்து.

விலை குறைச்சல்தான். ஆனால் குறைந்ததெல்லாம் தனக்கே வரும்போது பல்தேவுக்கு அது குறைச்சலாகத் தெரியவில்லை. அவரைப் பொல்லாதவர் என்று ஊரில் யாரும் சொல்ல மாட்டார்கள். கோயிலுக்கு வெண்கல மணி வாங்கிக் கொடுத்தவர். தம்பி பாடையை முன்னால் நின்று தூக்கியவர். தம்பி பெண்டாட்டி என்பவள் தம்பியோடு சேர்ந்து வந்த சாமான், தம்பி போனால் சாமானும் வீட்டுப் பெரியவருக்கு என்று அவர் மனமார நம்பினார், அவ்வளவுதான்.

அவர் போனதும் எனிட் கூடையை ‘தொப்’பென்று வைத்தாள். “அடியே, நீ கல்லா மரமா? அந்த ஆள் உன் நிலத்தைச் சதுப்புங்கிறான், நீ ரொட்டியைக் கருக்கிக்கிட்டு நிக்கிற!”

“சதுப்புன்னு சொன்னா எவ்வளவு வரும் எனிட்?”

“உனக்கா? உனக்குச் சதுப்புத் தண்ணிகூட வராது.”

“திருத்துன நிலம்னு எழுதுனா, நான் வேற எங்கயாச்சும் ஒரு துண்டு நிலம் வாங்கிக்கலாம். உழைக்க எனக்கு இன்னும் கை கால் இருக்கு. இல்லன்னா யார் வீட்டுப் பாத்திரத்தைத் தேய்க்கப் போறேன், சொல்லு?” முக்காட்டை இழுத்துத் தோளில் போட்டுக்கொண்டாள். “வியாழக்கிழமை நான் வரேன்.”

*

அந்த நிலம் எப்படி வந்தது என்பது ஊரில் எல்லோரும் பார்த்ததுதான். மாமனார் கிழவர் இருந்தபோதே பிரித்துக் கொடுத்துவிட்டார். சாலையோரம் காய்ந்த பூமி மூத்தவனுக்கு. பின்னணைக்கு அப்பால் இடுப்பளவு கறுப்புத் தண்ணீர் நிற்கிற சதுப்பு இளையவனுக்கு. வாய்ப்பேச்சுதான். காகிதம் மாற்றப் பட்டணம் போக வேண்டும், ஒரு நாள் கூலி போய்விடும், அண்ணன் தம்பிக்குள் காகிதம் எதற்கு என்றார் கிழவர். அவர் போனதும் பத்திரம் முழுக்க மூத்தவன் பெயருக்கே வந்தது.

ஹரிலால் கரும்புத் தோட்டத்தில் வெட்டுக்கூலி. விடிய இருட்டில் லாரி ஏறினால் விளக்கு வைத்த பிறகுதான் எரித்த கரும்பின் சாம்பல் அப்பிய உடம்போடு திரும்புவான். ஞாயிற்றுக்கிழமை மட்டும் மண்வெட்டி பிடிப்பான், பாவம், அதிலும் பாதி நேரம் நின்றுகொண்டே தூங்குவான். மீதி நாளெல்லாம் சுமிந்த்ராதான். தண்ணீருக்குள் நின்று அடிச்சேற்றை வெட்டி, தலைக்கு மேலே வீசி, வீசிய சேறு பாதி முகத்தில் விழ, மீதியை மிதித்து மேடாக்கி, மேட்டுக்கும் மேட்டுக்கும் நடுவே வாய்க்கால் விட்டு... மகள் பூல்மத்தி அங்கேதான் வளர்ந்தாள், இரண்டு மரத்துக்கு நடுவே கட்டிய அரிசிச் சாக்குத் தூளியில்.

அப்பாலிருக்கிற புல்வெளியில் தேங்கும் மழைத்தண்ணீர் உள்ளே வராமல் இருக்க, நிலத்தின் பின்புறம் நீளத்துக்கும், அங்கிருந்து வளைத்து ஊர்ப்பாதை வரைக்கும் ஒரு மண் அணை. இரண்டு முறை மழையில் உடைந்தது. மூன்றாவது முறை மரக்கட்டைகளை நட்டு, அடித்து, மண்ணை வைத்து இறுக்கினாள். அது நின்றது. வாய்க்கால் முனையிலிருந்த மதகு வழியாகத் தண்ணீர் ஆற்றுக்கு வடிந்தது. அதற்குப் பிறகு அன்னாசி வைத்தாள், சேம்பு வைத்தாள், பந்தல் போட்டுப் பயறு ஏற்றினாள். சனிக்கிழமைச் சந்தையில் ‘சுமிந்த்ரா அன்னாசி’ என்று கேட்டு வாங்கினார்கள்.

சதுப்பாம்!

*

பள்ளிக்கூடத்தில் பெஞ்சுகளை வரிசையாகப் போட்டிருந்தார்கள். வாத்தியார் மேசையில் ஹைண்ட்ஸ் உட்கார்ந்திருந்தார். பட்டணத்திலிருந்து வந்த மதிப்பீட்டு அதிகாரி. கழுத்துப் பட்டையைத் தளர்த்தியும் வியர்வை நிற்கவில்லை. கெட்ட மனிதர் இல்லை. ஆனால் சாயங்காலப் படகைப் பிடிக்க வேண்டும் என்கிற கவலை அவர் முகத்தில் எழுதி ஒட்டியிருந்தது.

“பல்தேவ். பின்னணை நிலம். நில வரைபடத்துல சதுப்புன்னு இருக்கு. சரிதானே?”

“சரிதான் சார். சதுப்புதான்.”

“மேடு, வாய்க்கால், அணை, பயிர், அப்படி ஏதாவது?”

“ஒண்ணும் இல்ல சார். தம்பி இருந்தப்ப ஏதோ நாலு அன்னாசி வச்சான். அது தானா வளர்றதுதானே.”

பின்வரிசையில் எனிட் ‘க்கும்’ என்று கனைத்தாள். இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள்.

சுமிந்த்ரா எழுந்து நின்றாள்.  பெரியத்தான் இருக்கிற இடத்தில் அவள் நின்றதே இல்லை. சுவரோரமாக நகர்ந்து போவாள், அவ்வளவுதான். முக்காட்டை விலக்கித் தோளில் போட்டாள். ஊர்ப் பெண்கள் பக்கத்தில் ‘ஐயையோ’ என்று ஒரு மூச்சு கேட்டது.

“பெரியத்தான்” என்றாள். “மேசையைப் பாத்து சொல்லாதீங்க. திரும்பி என்னைப் பாத்து சொல்லுங்க. பின்னணையில ஒண்ணும் இல்லையா?”

பல்தேவ் திரும்பவில்லை. அவர் காதுமடல் சிவந்தது. இத்தனை வருடத்தில் அந்தக் குரலை அவர் இவ்வளவு நேராகக் கேட்டதில்லை.

“நீங்க யாரும்மா?” என்றார் ஹைண்ட்ஸ்.

“ஹரிலால் மனைவி. அந்த நிலத்தைச் சதுப்புல இருந்து எடுத்தவ. நீங்க வந்து பாத்தீங்களா சார்?”

“கிளம்பிதான் வந்தோம். மழை. பாதி வழியில வண்டி சேத்துல மாட்டிக்கிச்சு, திரும்பிட்டோம்.” கொஞ்சம் வெட்கத்தோடு பேனாவைத் திருகினார். “நீங்க மனைவின்னா வேலைக்கான விலையை நீங்க கேக்கலாம். அதை எழுதிக்கிறேன். கல்யாணச் சான்றிதழ்...”

“அங்கதான் சார் விஷயம்” என்று பல்தேவ் எழுந்தார். இப்போது அவர் குரலில் தெம்பு வந்துவிட்டது. “சான்றிதழ் ஏது? மூங்கிலடியில நடந்த சடங்கு. ஆபீஸ்ல பதியலை. சட்டப்படி இவ யாரும் இல்ல. என் தம்பி... எப்படிச் சொல்றது... சேத்துக்கிட்டிருந்தான்.”



கரும்பு வெட்டக் கப்பலேறி வந்தவர்களின் வம்சம் நாங்கள், எங்கள் பக்கத்துக் கல்யாணம் இப்படித்தான். பச்சை மூங்கிலை நட்டுப் பந்தல், நடுவே அக்கினி, ஏழு சுற்று. ஊர் சாப்பிடும், தப்பு அடிப்பார்கள், ஆடுவார்கள். அது முடிந்து, ‘பட்டணத்தில் போய் எழுதி வையுங்கள்’ என்று பண்டிதர் சொல்வார். யார் போவது? அக்கினி பார்த்ததைக் கிளார்க் வேறு பார்க்க வேண்டுமா என்று கேட்டுச் சிரித்துவிட்டு வேலைக்குப் போவார்கள். இப்படித் தலைமுறை தலைமுறையாகச் சிரித்துக்கொண்டே போனார்கள். அந்தச் சிரிப்புக்கு விலை கொடுத்தது எப்போதும் பெண்பிள்ளைதான். புருஷன் செத்த பிறகுதான் தான் பெண்டாட்டி இல்லை என்பது அவளுக்குத் தெரியவரும்.

“சாமி!” சுமிந்த்ரா முன்வரிசையைப் பார்த்தாள். பண்டிதர் ராம்சஹாய் அங்கே உட்கார்ந்திருந்தார். “நீங்கதானே மந்திரம் சொன்னீங்க? என் அப்பா உங்களுக்குப் பசு குடுத்தாரே, வெள்ளைப் பசு. சொல்லுங்க சாமி.”

பண்டிதர் வேட்டி நுனியைச் சரிசெய்தார். அவருக்கு மத்தியானச் சாப்பாடு பல்தேவ் வீட்டில். “எத்தனையோ கல்யாணம் பண்ணி வச்சிருக்கேன் மகளே. வயசாச்சு. எல்லாம் ஒண்ணாக் கலங்குது.”

“பசு ஞாபகம் இருக்குமே சாமி!” என்று பின்னாலிருந்து கத்தினாள் எனிட். “பால் குடிச்ச வாய்தானே!”

சிரிப்பு எழுந்தது. ஹைண்ட்ஸ் மேசையைத் தட்டினார். சுமிந்த்ரா சிரிக்கவில்லை. பல்தேவை நோக்கி இரண்டு எட்டு எடுத்து வைத்தாள்.

“பெரியத்தான், ஒண்ணு கேக்கறேன். உங்க அம்மா என்னை மகளா வச்சுப் பாத்தாங்க, அவங்க ஆத்மா என்னை மன்னிக்கட்டும். அவங்க கல்யாணம் எந்த ஆபீஸ்ல பதிஞ்சது? அவங்களும் மூங்கிலடியிலதானே உக்காந்தாங்க? அப்ப அவங்க உங்க அப்பாவுக்கு யாரு? நீங்க யாரு?”

பல்தேவ் கையை ஓங்கியே விட்டார். பக்கத்திலிருந்தவர் பிடித்துக்கொண்டார். “பாத்தீங்களா சார், பாத்தீங்களா! செத்துப்போன எங்கம்மாவைப் பேசறா!”

“நான் பேசலை. நீங்க பேசுனதை உங்களுக்கே திருப்பிக் குடுத்தேன். என்னைச் சேத்துக்கிட்டவன்னு சொன்னீங்கன்னா என் பூல்மத்தி யாரு? கட்டிக்குடுத்து ரெண்டு பிள்ளை பெத்தவ. அவ மாமியார் வீட்டுல இந்தப் பேச்சு போனா அவ எங்க முகத்தை வச்சுக்குவா?” குரல் உடைந்தது. பல்லைக் கடித்து அதை ஒட்டவைத்துக்கொண்டாள்.

ஹைண்ட்ஸ் நெற்றியைத் தேய்த்தார். அவருக்குப் புரியாமல் இல்லை. எல்லாம் புரிந்தது, அதுதான் அவருக்குச் சங்கடம். “அம்மா, பத்திரம் இவர் பேர்ல. சொந்தக்காரரே சதுப்புங்கிறார். உங்ககிட்ட சான்றிதழ் இல்ல. நான் கண்ணால பாக்கலை. இதுல நான் வேற என்ன எழுத முடியும்? பட்டணத்துல அப்பீல் பண்ணலாம், வக்கீல் வச்சு...”

“வக்கீலுக்கு யார் குடுக்கறது?”

ஹைண்ட்ஸ் காகிதத்தை இழுத்துச் ‘சதுப்பு’ என்று எழுதினார். பல்தேவ் கையெழுத்துப் போட்டார். கவர்மெண்டுக்கும் லாபம், அவருக்கும் லாபம். இரண்டு பேருமாகச் சேர்ந்து ஒரு பெண்ணின் முப்பது வருடத்தைத் தண்ணீருக்குள் அமுக்கிவிட்டார்கள். கை ஈரம்கூட ஆகவில்லை.

சுமிந்த்ரா நகரவில்லை. “சார், ஒரே ஒரு சந்தேகம். எப்ப நிலத்தை எடுத்துக்குவீங்க?”

“அடுத்த மாசம். இன்ஜினியர் மிஷினோட வருவார். அதுவரைக்கும் நீங்க அனுபவிக்கலாம், யாரும் தடுக்க மாட்டாங்க. பயிர் இருந்தா எடுத்துக்கங்க.”

“எடுக்கும்போது என்ன எடுப்பீங்க?”

“காகிதத்துல என்ன இருக்கோ, அதைத்தான்.”

“சதுப்பு.”

“ஆமாம்மா. சதுப்பு.”

“சரி சார்” என்றாள் சுமிந்த்ரா. முக்காடு போட்டுக்கொள்ளாமலே வாசலைத் தாண்டி வெயிலில் நடந்தாள்.

*

மறுநாளே ஆரம்பித்தாள். முற்றின அன்னாசியையெல்லாம் அறுத்துத் தோணியில் ஏற்றிச் சந்தைக்கு அனுப்பினாள். பிறகு கன்றுகள். அன்னாசிக் கன்றைப் பிடுங்கி நிழலில் போட்டால் வாரக்கணக்கில் சாகாது. மண்ணைப் பார்த்ததும் பிடித்துக்கொள்ளும். ஒன்று விடாமல் பிடுங்கினாள். சேம்பைத் தோண்டினாள். பந்தல் கம்புகளை அவிழ்த்துக் கட்டு கட்டினாள். எனிட் வாய்க்காலுக்கு அப்பால் மேடான தன் நிலத்தில் ஒரு மூலையைக் காட்டி, “போடுடி இங்க, உன் முள்ளு என் முதுகுல குத்தாம இருந்தா சரி” என்றாள். ஊர்ப் பெண்கள் நாலைந்து பேர் கேட்காமலே வந்து குனிந்தார்கள். விசாரணைக்கு அப்புறம் அவர்களில் சிலர் வீட்டில் சத்தம் இல்லாமல் ஒரு சண்டை நடந்துகொண்டிருந்தது. பட்டணம் எப்ப போறோம், நம்ம கல்யாணத்தை எப்ப எழுதறோம் என்று.

பல்தேவ் சைக்கிளில் அணை வரைக்கும் வந்து பார்த்தார். பிடுங்குகிறாள். நல்லது, தொல்லை விட்டது என்று திரும்பிப் போனார். திரும்பும்போது வாய்க்காலோரம் எனிட் கையாட்டி வாழ்த்து வேறு சொன்னாள்.

மழைக்காலம் உச்சத்தில் இருந்தது. அணைக்கு வெளியே புல்வெளித் தண்ணீர் கறுப்பாக, விளிம்பு வரைக்கும் நின்றது. தண்ணீர் வடிந்த சதுப்பு மண் வருடா வருடம் அமுங்கும், உட்காரும். அதனால் உள்ளே நிலம் தாழ்வு, வெளியே தண்ணீர் உயரம். நடுவில் இருந்தது அந்த அணை ஒன்றுதான்.

மாசக் கடைசிச் சனிக்கிழமை, நல்ல பகல் வெளிச்சத்தில், சுமிந்த்ரா மண்வெட்டியோடு அணை மேல் ஏறினாள். எனிட் கீழே நின்றாள்.

ஓங்கினாள். கை இறங்கவில்லை.

இந்த இடத்தில்தான் பூல்மத்தியை வயிற்றில் சுமந்தபோது வழுக்கி விழுந்தாள். ஹரிலால் ஓடி வந்து தூக்கி, “நிலமும் வேண்டாம், மண்ணும் வேண்டாம், வா வீட்டுக்கு” என்று அழுதான். இவள்தான் போகவில்லை. இப்போது அதையெல்லாம் நினைத்து வாய்விட்டு அழுதாள். மூக்கைச் சிந்திச் சிந்தி, எனிட் பார்க்கிறாளே என்ற வெட்கம்கூட இல்லாமல் அழுதாள்.

“வேணாம்னா வா, போகலாம்” என்றாள் எனிட்.  “யாரும் ஒண்ணும் சொல்ல மாட்டாங்க.”

“வேணும்” என்றாள் சுமிந்த்ரா. “திருடனுக்குச் சமைச்சுப் போட்டுட்டுப் போகச் சொல்றியா?”

வெட்டினாள். முதல் வெட்டில் தண்ணீர் கசிந்தது. நாலாவது ஐந்தாவது வெட்டில் ஓடியது. அப்புறம் வெட்ட வேண்டியிருக்கவில்லை. தண்ணீருக்கே வழி தெரிந்துவிட்டது. கட்டைகளுக்கு நடுவே பீறிட்டு, முதல் மேட்டைச் சுற்றி, இரண்டாவது மேட்டில் ஏறி, கறுப்பாகப் பரவிக்கொண்டே போனது. மாலைக்குள் மேடுகள் தெரியவில்லை.

*

குறித்த திங்கட்கிழமை எல்லோரும் வந்தார்கள். ஹைண்ட்ஸ், காக்கிக் கால்சட்டை போட்ட இன்ஜினியர், மண் தள்ளும் மிஷின், அதை ஓட்ட ஒரு ஆள். சொந்தக்காரர் என்ற முறையில் பல்தேவ், சலவைச் சட்டையில். வேடிக்கை பார்க்கப் பாதி ஊர்.

அணையருகே வந்ததும் மிஷின் நின்றது. மேற்கொண்டு போக வழியில்லை. கண்ணுக்கு எட்டிய வரைக்கும் தண்ணீர். நடுவில் ஒரு நாரை ஒற்றைக்காலில் நின்றுகொண்டிருந்தது.

“என்ன சார் இது?” என்றார் இன்ஜினியர். “போன வருஷம் வானத்துலருந்து எடுத்த படத்துல வரி வரியா மேடு தெரிஞ்சுதே. காய்ஞ்ச நிலம்னுதானே ரோட்டை இந்தப் பக்கம் திருப்புனோம்?”

ஹைண்ட்ஸ் அவரை முறைத்தார். “அப்படி ஒரு படம் இருந்தா என்கிட்ட ஏன்யா காட்டலை?”

“நீங்க கேக்கலையே.”

அணை மேல் சுமிந்த்ரா நின்றிருந்தாள், தலை திறந்து, மண்வெட்டியை ஊன்றிக்கொண்டு. “வாங்க சார். காகிதத்துல உள்ளது அப்படியே இருக்கு. ஒரு கை மண்ணைக்கூட நான் எடுத்துட்டுப் போகலை. சதுப்புதானே கேட்டீங்க?”

கூட்டத்தில் யாரோ விசிலடித்தார்கள்.

இன்ஜினியர் தலையில் கைவைத்தார். “இதை வடிக்கணும்னா புது அணை, பம்ப்பு, அடுத்த வறட்சி வரைக்கும் காத்திருக்கணும். என் வேலையே போயிடும். இந்த நிலத்துக்குப் பணம் குடுக்கறதை நிறுத்துங்க சார். நான் ரோட்டை வேற பக்கம் திருப்பிக்கிறேன்.”

பல்தேவுக்கு அது உறைத்தது. பணம் நிற்கிறது! சலவைச் சட்டையோடு சேற்றில் இறங்கினார். அவருக்கு எதிரே தூண் இல்லை, மேசை இல்லை, சுமிந்த்ராதான் இருந்தாள். நேராக அவளைப் பார்த்துக் கத்தினார்.

“பாவி! என்ன காரியம் பண்ணிட்ட! முப்பது வருஷமா ராத்திரி பகலா சேத்துல நின்னு கட்டுன அணையை உன் கையாலயே வெட்டிட்டியேடி! சார், இவதான் சார் வெட்டுனா! நல்ல நிலம் சார் இது, தங்கமான நிலம். எல்லாம் இவதான் மேடு போட்டது, இவதான் அணை கட்டுனது, அன்னாசி என்ன, சேம்பு என்ன, ஊருக்கே தெரியும், கேட்டுப் பாருங்க! என் தம்பி பொண்டாட்டி சார் இவ, என் சொந்தத் தம்பி பொண்டாட்டி, எங்க குடும்பத்தையே கவுத்துட்டா!”

சொல்லி முடித்த பிறகுதான் தான் சொன்னது அவருக்கே கேட்டது. வாயை மூடினார். காலம் கடந்துவிட்டது.

“யாரு?” என்றாள் எனிட், கையைக் காதுக்குக் குவித்து. “சரியா விழலை பல்தேவ். யாரோட பொண்டாட்டி?”

யாரும் சிரிக்கவில்லை. எல்லோரும் ஹைண்ட்ஸைப் பார்த்தார்கள். ஹைண்ட்ஸ் பல்தேவைப் பார்த்தார்.

“சொந்தக்காரர் வாயால கேட்டுட்டீங்க சார்” என்றாள் சுமிந்த்ரா. குரல் உயரவில்லை. “திருத்துன நிலம். திருத்தினவ நான். அவர் தம்பி மனைவி நான். அதை எழுதுங்க. என் பேர்ல, என் புருஷன் பேரோட. எழுதி, அவர் கையெழுத்தும் போட்டுக் குடுத்தா, உடைப்பை நானே அடைக்கிறேன். ஒரே ஒரு இடத்துலதான் வெட்டியிருக்கேன், வேற எங்கயும் கை வைக்கலை. மதகு திறந்தா தண்ணி வடிஞ்சு மேடு தலை காட்டும். எழுதலைன்னா இந்த மண்வெட்டி மண்ணைத் தொடாது. நீங்க உங்க ரோட்டை வேற பக்கம் திருப்பிக்கங்க. நான் இதே சதுப்பை மறுபடி முதல்ல இருந்து வெட்டிக்கிறேன். எனக்குப் பழக்கம்தான்.”

“அம்மா, இதெல்லாம் நின்ன இடத்துல ஆகற காரியமா? ஆபீஸுக்குப் போய், மேலதிகாரிகிட்ட கேட்டு...” ஹைண்ட்ஸ் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

“சதுப்புன்னு நின்ன இடத்துலதானே எழுதுனீங்க?”

இன்ஜினியர் அவர் காதருகே குனிந்தார். “எழுதிடுங்க சார். அவங்க சொல்றது நியாயம். அதைவிட முக்கியம், எனக்கு ரோடு வேணும்.”

பல்தேவ் ஏதோ சொல்ல வாயெடுத்தார். பணம் மொத்தமாகப் போவதா, மண்ணின் விலையாவது வருவதா என்று அவருக்குள் ஒரு கணக்கு ஓடியது எல்லோருக்கும் தெரிந்தது. சேற்றில் அவர் செருப்பு ஒன்று புதைந்துவிட்டிருந்தது. அதைத் தேடுகிற மாதிரிக் குனிந்துகொண்டார்.

சுமிந்த்ரா மண்வெட்டியைக் கீழே வைத்தாள். எனிட்டைக் கூப்பிட்டு உட்காரவைத்து, துணிமூட்டையை அவிழ்த்து, ரொட்டியும் பயறுக் கறியும் எடுத்து இருவருக்குமாகப் பிரித்தாள். கவர்மெண்ட் ஆட்கள் நிற்கிறார்களே என்ற அவசரம் அவளிடம் இல்லை.

“இன்னும் எவ்வளவு நேரம்மா?” என்றார் ஹைண்ட்ஸ் கடைசியில்.

“இங்க தண்ணி வடிய நான் எத்தனை வருஷம் காத்திருந்தேன் தெரியுமா சார்? நீங்க ஒரு மத்தியானம் காத்திருந்தா ஒண்ணும் ஆகாது. சாப்பிடறீங்களா?”

ஹைண்ட்ஸ் சாப்பிடவில்லை. மிஷினை நிறுத்தச் சொன்னார். தோல்பையைத் திறந்து காகிதத்தை எடுத்துக்கொண்டு, உட்கார்ந்து எழுத ஒரு காய்ந்த இடம் தேடிச் சுற்றிலும் பார்த்தார். எங்கும் தண்ணீரும் சேறும். அவள் கட்டிய அணை ஒன்றுதான் காய்ந்திருந்தது. அவர் வந்து அதன் மேல் உட்கார்ந்தார்.